தூத்துக்குடித் தூண்டிலும் லோஃபோட்டன் கடலும்

கேள்வி: துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். வயது 61. சிறுவனாக இருந்தபோது அப்பாவோடு அலைதடுப்புப் பாறைகளில் உட்கார்ந்து தூண்டில் போட்ட பழக்கம் இன்றும் விடவில்லை. மகனும் மருமகளும் ஓஸ்லோவில் இருக்கிறார்கள். அடுத்த ஆண்டு நாங்கள் நால்வரும் 12 நாளில் நார்வேயின் வடகடற்கரையைப் பார்த்துவிட நினைக்கிறோம். மகன் போட்டிருக்கும் திட்டம்: பெர்கன், லோஃபோட்டன் தீவுகள், ட்ரொம்ஸோ, நோர்காப் முனை. நள்ளிரவுச் சூரியன், துருவ ஒளி இரண்டையும் பார்க்க வேண்டும். சால்மனும் காட் மீனும் பிடிக்க வேண்டும், கொஞ்சம் ஊருக்கும் கொண்டுவர வேண்டும். மகனுக்கு ஜூனிலோ செப்டம்பரிலோ விடுப்பு கிடைக்கும். என் மனைவிக்குப் படகில் ஏறினாலே வாந்தி வரும். அவளுக்குத் துருவ ஒளி ஒன்றே போதுமாம். அங்கே சேலை கட்டலாமா என்றும் கேட்கச் சொன்னாள்.
– வாசகர், தூத்துக்குடி

பதில்: ஐயா, உங்கள் மகன் நல்ல பிள்ளைதான். ஆனால் கைப்பேசித் திரையில் வரைபடத்தைப் பார்த்துத் திட்டம் போட்டிருக்கிறார். அந்தத் திரையில் லோஃபோட்டனுக்கும் நோர்காப்புக்கும் நடுவே இரண்டு விரற்கடைதான் இருக்கும். தரையில் அது 900 கிலோமீட்டருக்குக் குறையாது. அங்கே நெடுஞ்சாலை என்றால் நம் நான்குவழிச் சாலையை நினைத்துக்கொள்ளாதீர்கள். கடல் எங்கெல்லாம் நிலத்துக்குள் புகுந்திருக்கிறதோ அங்கெல்லாம் சாலை சுற்றிக்கொண்டு போகும். ஊருக்கு வெளியே பொதுவான வேக வரம்பு மணிக்கு 80 கிலோமீட்டர். போக இரண்டு நாள், வர இரண்டு நாள் காரிலேயே கழியும். பெர்கனோ தெற்கே வேறொரு உலகம். 12 நாளில் இந்த நான்கையும் பார்த்தவர்களுக்கு நானே டிக்கெட் போட்டுக் கொடுத்திருக்கிறேன். திரும்பி வந்து அவர்கள் காட்டிய படங்களில் பாதி, பெட்ரோல் நிலைய வாசலில் எடுத்தவை.

ஆகவே பெர்கன், ட்ரொம்ஸோ, நோர்காப் மூன்றையும் அடித்துவிடுங்கள். நோர்காப்பை அடிக்கும்போது மகனுக்கு வருத்தமாக இருக்கும். 307 மீட்டர் உயரப் பாறை, அதன் மேல் ஓர் இரும்பு உலக உருண்டை, சுற்றிலும் சுற்றுலாப் பேருந்துகள். ஐரோப்பாவின் வடமுனை என்று சொல்லித்தான் கூட்டிப்போவார்கள். ஆனால் அதே தீவில் க்னிவ்ஷெலோடன் என்ற நிலநாக்கு அதைவிடச் சற்று அதிகமாகவே வடக்கே நீண்டிருக்கிறது. அதை அந்த உருண்டைப் பக்கத்திலிருந்தே பார்க்கலாம். மகனிடம் இதைச் சொல்லிப் பாருங்கள்.

அடுத்தது பருவம். நள்ளிரவுச் சூரியனும் துருவ ஒளியும் ஒரே பயணத்தில் கிடைக்காது. லோஃபோட்டனில் மே கடைசியிலிருந்து ஜூலை நடுப்பகுதி வரை சூரியன் மறைவதே இல்லை. இருட்டு இல்லாத வானத்தில் துருவ ஒளியை எங்கே தேடுவது? ஆகஸ்டு கடைசியில் இரவு திரும்பி வந்த பிறகுதான் அது கண்ணில் படும். ஏப்ரல் தொடக்கம் வரை நீடிக்கும். உங்கள் வீட்டில் நால்வருக்கும் சேர்த்து எட்டு ஆசைகள் இருக்கின்றன. உங்கள் மனைவிக்கு மட்டும் ஒன்றே ஒன்று. அதற்கே என் ஓட்டு. செப்டம்பர் முதல் இரண்டு வாரங்களுக்குள் போங்கள். சாலையில் பனிக்கட்டி இருக்காது, ஜூலைக் கூட்டம் கலைந்திருக்கும், வாடகையும் இறங்கியிருக்கும், கடலில் மீன் இருக்கும், இரவு பதினொரு மணிக்குள் வானம் இருட்டிவிடும். இலையுதிர்காலப் புயல்கள் தலைகாட்டத் தொடங்கும் மாதம் என்பது ஒரு குறை. அதனால்தான் ஊர் ஊராக ஓடாமல் ஓரிடத்தில் தங்கச் சொல்கிறேன். காற்று அடிக்கும் நாளில் மலையைப் பார்க்கலாம், அடங்கிய நாளில் கடலுக்குப் போகலாம். முன்பதிவு செய்த அடுத்த ஊர் உங்களைத் துரத்தாது.

சால்மனையும் மறந்துவிடுங்கள். அது ஆற்றில் பிடிக்கிற மீன். பெரும்பாலான ஆறுகளில் ஆகஸ்டு கடைசியோடு பருவம் முடிந்துவிடும். அரசுக்கு ஒரு கட்டணம், ஆற்றுக்கு உரியவர்களுக்கு ஒரு கட்டணம், தூண்டில் சாமான்களுக்குக் கிருமிநீக்கச் சான்று என்று அதற்கு ஒரு பெரிய சடங்கே உண்டு. 2024 கோடையில் சால்மன் வரத்து குறைந்துபோய், பல ஆறுகளைப் பருவத்தின் நடுவிலேயே மூடினார்கள். கடலில் இந்தத் தொல்லை எதுவும் கிடையாது. கைத்தூண்டிலோடு யார் வேண்டுமானாலும், வெளிநாட்டவர் உட்பட, உரிமச்சீட்டு இல்லாமல் மீன் பிடிக்கலாம். வெளிநாட்டவர் வலையோ மீன்கூடோ போடக் கூடாது, பிடித்ததை விற்கக் கூடாது, மீன் வளர்ப்புப் பண்ணைகளிலிருந்து 100 மீட்டர் தள்ளியே தூண்டில் இறக்க வேண்டும். பிடித்து வைத்துக்கொள்ளக்கூடிய நீள அளவு மீனுக்கு மீன் வேறுபடும். அந்த அட்டவணையைப் படகுக்காரர் வைத்திருப்பார், கேட்டு வாங்கிப் படியுங்கள்.

இனி வழி. ஓஸ்லோவிலிருந்து வடநார்வேயின் துறைமுக ஊரான பூடோவுக்கு விமானம். அங்கே இரண்டு இரவு. காரணம், பூடோவிலிருந்து காரில் முப்பது கிலோமீட்டரில் இருக்கும் சால்ட்ஸ்ட்ராவ்மென். மூன்று கிலோமீட்டர் நீளமும் 150 மீட்டர் அகலமும் உள்ள ஒரு கடற்கால் வழியே ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் ஒரு பெரிய ஃபியோர்டின் (மலைகளுக்கு நடுவே நிலத்துக்குள் புகுந்த கடல்) நீர் முழுவதும் பாய்ந்து போகிறது, பாய்ந்து வருகிறது. உலகின் மிக வலிய நீரோட்டங்களில் ஒன்று. கடல் நடுவே ஆற்று வெள்ளம் ஓடுவதைப் போல இருக்கும். சுழிகள் கிணற்று வாயாய்த் திறந்து மூடும். ஏறத்தாழ ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை திசை மாறும். அப்படி மாறுகிற சற்று நேரத்தில் நீர் மூச்சு வாங்கிக்கொண்டு நிற்கும். உங்கள் நேரம் அதுதான். கரையில் நின்றபடியே ஸெய் மீன் பிடிக்கலாம். கருமுதுகும் வெள்ளிப் பக்கமும் கொண்ட மீன், பாறைமீன் போலவே கடைசிவரை விடாமல் மல்லுக்கட்டும். மனைவிக்கும் பிரச்சினை இல்லை, எல்லாம் தரையில் நின்று பார்ப்பதுதான். ஆனால் பாசி படிந்த பாறைகளில் கால் வைக்காதீர்கள். தவறி விழுந்தால் அந்த ஓட்டத்தில் நீச்சல் தெரிந்தவரும் தெரியாதவரும் ஒன்றுதான்.

பூடோவிலிருந்து லோஃபோட்டனுக்கு எல்லோரும் பரிந்துரைப்பது மொஸ்கனெஸ் போகும் கார் கப்பல். மூன்று மணி நேரத்துக்கு மேல் திறந்த கடல். கடலிலிருந்து சுவர் எழும்புவது போல லோஃபோட்டன் மலைகள் எழுந்து வருவதை அதில் போனால்தான் பார்க்க முடியும், உண்மைதான். ஆனாலும் உங்கள் மனைவியை அதில் ஏற்ற வேண்டாம். சிறிய விமானம் அரை மணிக்குள் லோஃபோட்டனின் லெக்னெஸில் இறக்கிவிடும். மகனும் நீங்களும் வேண்டுமானால் கப்பலில் போங்கள், பெண்கள் இருவரும் விமானத்தில் வரட்டும். வயிற்றைக் கலக்கிக்கொண்டு தொடங்கிய பயணத்தில் அப்புறம் எந்தக் காட்சியும் சுவைக்காது.

தங்குமிடம் பல்ஸ்டாட். லெக்னெஸ் பக்கத்தில் இருக்கும் மீன்பிடித் துறை. தீவுக்கூட்டத்தின் நடுவில் இருப்பதால் எந்தக் கோடிக்கும் காலையில் போய் மாலையில் திரும்பிவிடலாம். அங்கே ஒரு ரோர்பு எடுத்து எட்டு இரவு தங்குங்கள். கரையோரம் மரக்கால்களின் மேல் நிற்கும் சிவப்பு மரவீடுதான் ரோர்பு. குளிர்காலத்தில் வெளியூரிலிருந்து துடுப்புப் படகில் வந்த மீனவர்கள் தங்குவதற்காக ஏற்பட்டது. 1120 வாக்கில் ஐஸ்டைன் மன்னர் லோஃபோட்டனின் காபெல்வாகில் முதலில் கட்டுவித்ததாகச் சொல்வார்கள். இன்று அதில் சமையலறையும் வெந்நீரும் உண்டு. எடுக்கும்போது ஒன்றை மட்டும் உறுதி செய்யுங்கள்: சுற்றுலா மீன்பிடிப்புக்கு அரசிடம் பதிவு செய்த இடமா? பிடித்த மீனை நாட்டுக்கு வெளியே கொண்டுபோக வேண்டுமானால் அப்படிப் பதிவு செய்தவரிடம் தங்கிப் பிடித்திருக்க வேண்டும், அவர் தரும் ஆவணம் கையில் இருக்க வேண்டும். ஆளுக்கு இத்தனை கிலோ என்ற வரம்பை அவ்வப்போது மாற்றுகிறார்கள். போகும்போது இருக்கும் அளவைக் கேட்டுக்கொள்ளுங்கள். என் யோசனை வேறு. பிடித்ததை அங்கேயே குழம்பு வைத்துச் சாப்பிட்டுவிடுங்கள். ஊருக்கு எதைக் கொண்டுவரலாம் என்பதற்குப் பிறகு வருகிறேன்.

முதல் நாளே படகை வாடகைக்கு எடுக்காதீர்கள். உள்ளூர்க்காரர் ஓட்டும் படகில் ஒருமுறை போய்வாருங்கள். தூத்துக்குடிக்காரருக்குக் கடலைப் பற்றி நான் சொல்வதா என்று உங்களுக்குத் தோன்றலாம். முதல் முறை எனக்கும் அப்படித்தான் தோன்றியது. மாலையில் படகைக் கொண்டுவந்து கல் துறையில் இழுத்து இறுக்கிக் கட்டிவிட்டு, சாப்பிட்டுத் தூங்கிவிட்டேன். காலையில் பார்த்தால் நீர் ஓர் ஆள் உயரத்துக்கு மேல் இறங்கியிருந்தது. படகு மூக்கால் கயிற்றில் தொங்கிக்கொண்டிருந்தது. பின்பக்கம் பாதி மூழ்கி, பெட்ரோல் டப்பா தனியே மிதந்தது. படகுக்காரர் ஒரு வார்த்தையும் பேசாமல் கத்தியை எடுத்துக் கயிற்றை அறுத்தார். உங்கள் ஊரில் ஏற்ற வற்றம் ஒரு மீட்டர்கூட வராது, அங்கே இரண்டு மூன்று மீட்டர் சாதாரணம். மிதக்கும் மேடையில் மட்டுமே கட்டுங்கள். கல் துறையில் கட்டத்தான் வேண்டும் என்றால் கயிற்றை நீளமாக விடுங்கள்.

படகு ஓட்டுவதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. 1980 ஜனவரி 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்தவர், எட்டு மீட்டருக்கு மேல் நீளமோ 25 குதிரைத்திறனுக்கு மேல் எஞ்சினோ உள்ள படகை ஓட்டச் சான்றிதழ் வேண்டும். அதற்கு முன் பிறந்தவருக்கு வேண்டாம். ஓஸ்லோவில் இருக்கும் மகன் சும்மா உட்கார்ந்து வர, தூத்துக்குடியிலிருந்து வந்த அப்பா சுக்கான் பிடிக்கலாம்! சிறிய படகில் எல்லோரும் உயிர்காப்பு அங்கி போட்டிருக்க வேண்டும் என்பது சட்டம். வாடகைக்காரர் உடல் முழுவதையும் மூடும் மிதவை உடை கொடுப்பார், அதையே போட்டுக்கொள்ளுங்கள். அந்த நீரில் விழுந்தால் முதலில் ஆளை வீழ்த்துவது குளிர்.

தூண்டில் முறையும் நம்முடையது அல்ல. இறால், நண்டு, மீன்துண்டு என்று இரை தேடி அலைய வேண்டியதில்லை. பில்க் என்று ஒரு பளபளக்கும் உலோக மீன், கால் கிலோ வரை எடை, அடியில் மும்முனை முள். அதற்கு மேல் தூண்டில் நரம்பில் இரண்டு மூன்று முள்களில் சிவப்பு ரப்பர்ப் புழு. தரை தட்டும்வரை இறக்குங்கள். நரம்பு தொய்ந்ததும் தெரிந்துவிடும். உடனே ஓரிரு மீட்டர் மேலே தூக்கிக்கொண்டு, கையை உயர்த்தி, தானாக விழ விடுங்கள். காட் பெரும்பாலும் அது விழும்போதுதான் கவ்வும். நம்மைப் போல அசையாமல் காத்திருந்தால் பாறை இடுக்கில் மாட்டிக்கொண்டு பில்க்கையும் இழப்பீர்கள். முதல் நாள் மூன்று பில்க்குகளைக் கடலுக்குக் காணிக்கை கொடுத்தவன் சொல்கிறேன். ஸெய் கூட்டமாக வந்தால் மூன்று முள்ளிலும் மூன்று மீன் தொங்கும், தோள்பட்டை கழன்றுவிடும். அதிர்ஷ்டம் இருந்தால் ஹாலிபட். நம்மூர் எருமைநாக்கின் ராட்சத அண்ணன் என்று சொல்லலாம். இரண்டு மீட்டருக்கு மேல் இருந்தால் விட்டுவிட வேண்டும் என்பது விதி. அப்படி ஒன்று மாட்டினால் யார் யாரைப் பிடித்தார்கள் என்பதே தெரியாது.

மீன் மேலே வந்ததும் தலையில் ஓர் அடி, உடனே தொண்டையில் கத்தி, பிறகு கடல்நீர் வாளி. இரத்தம் வடியாத மீனை அங்கே யாரும் மதிக்கமாட்டார்கள். குடலை எடுக்கத் தொடங்கினால் கடற்பறவைகள் தலைக்கு மேல் சந்தை கூட்டிவிடும். காட் மீனின் வயிற்றுச் சதையில் மெல்லிய பழுப்புப் புழு சுருண்டிருப்பது உண்டு. பதற வேண்டாம், அந்தப் பகுதியை வெட்டி எறிந்துவிட்டு நன்றாக வேகவையுங்கள். மிளகாய்த்தூளும் புளியும் எடுத்துப்போங்கள். ஆனால் நெய்யும் பால்கோவாவும் பெட்டியில் வேண்டாம், பால் பொருள்களும் இறைச்சியும் நம் நாட்டிலிருந்து கொண்டுபோகத் தடை. இன்னொன்று: காட் சதை அடுக்கடுக்காய்ப் பிரியும். வஞ்சிரத்தைப் போட்டுக் கொதிக்கவிடுவது போல விட்டால் குழம்பில் மீன் இருந்த தடமே இராது. குழம்பைக் கொதிக்கவிட்டு, கடைசி ஐந்து நிமிடத்துக்கு மீனைப் போட்டு, கரண்டியால் தொடாமல் இறக்குங்கள். குழம்புக்கு ஸெய் நன்றாகத் தாங்கும்.

உங்களுக்கு நிச்சயம் பிடிக்கும் என்று நான் நினைப்பது கருவாடு. ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை பேரன்ட்ஸ் கடலிலிருந்து காட் கூட்டம் கூட்டமாக முட்டையிட லோஃபோட்டனுக்கு வரும். அப்போது பிடித்த மீனைத் தலை நீக்கி, வால்களை இரண்டிரண்டாகக் கட்டி, மரச்சட்டங்களில் தொங்கவிடுவார்கள். ஒரு கல் உப்புகூடக் கிடையாது. நம் கருவாட்டுக்கு வெயிலும் உப்பும் என்றால் அவர்களுடையதற்குக் குளிரும் காற்றும். பூஜ்ஜிய டிகிரியைச் சுற்றியே நிற்கும் குளிரில் மீன் உறைவதுமில்லை, அழுகுவதுமில்லை, ஈயும் வராது. மாதக்கணக்கில் தொங்கி மாசிக் கருவாட்டைப் போலக் கட்டையாகிவிடும். கப்பல் உடைந்து 1432-இல் ரோஸ்ட் தீவில் ஒதுங்கிய வெனிஸ் வணிகர் பியெத்ரோ குவெரினி இதன் சுவையை நாட்டுக்குக் கொண்டுபோனார், இன்றும் இத்தாலிதான் பெரிய வாடிக்கை. தலைகள் மட்டும் தனியாகக் காய்ந்து நைஜீரியாவுக்குப் போகின்றன. நீங்கள் போகும் செப்டம்பரில் சட்டங்கள் வெறுமையாக நிற்கும், மீன் கிடங்கில் இருக்கும். ஊருக்குக் கொண்டுவர வேண்டியது இதுதான். கடையில் பையில் அடைத்து விற்பார்கள். பெட்டியில் வைத்தாலும் ஒழுகாது, ஆனால் இரண்டு உறை போட்டுக் கட்டுங்கள்.

மீன் இல்லாத நாள்களுக்கு அதிகம் சொல்லப் போவதில்லை. போர்க் என்ற ஊரில் 83 மீட்டர் நீள வைக்கிங் தலைவர் வீட்டைத் திரும்பக் கட்டி வைத்திருக்கிறார்கள். காபெல்வாகில் 1898-இல் கட்டிய மரத் தேவாலயத்தில் 1,200 பேர் உட்காரலாம். மீன்பிடி பருவத்தில் வந்து குவிந்த ஆள்களுக்காக அத்தனை பெரிது. ரைன் ஊருக்கு மேலே ரைனபிரிங்கன் மலைக்கு நேபாள ஷெர்ப்பாக்கள் ஏறத்தாழ 2,000 கல்படிகள் போட்டிருக்கிறார்கள். பழனிப் படிகளை மூன்று முறை ஏறுவது போல. மகனும் மருமகளும் ஏறட்டும், நீங்கள் கீழே துறையில் தூண்டில் போடுங்கள். சாலை முடியும் ஊரின் பெயர் ஒரே எழுத்து, ‘ஓ’ என்பது போல ஒலிக்கும், ஆறு என்று பொருள். நம் ஓரெழுத்து ஒருமொழியிலும் ஓ உண்டு. மதகில் நீரைத் தாங்கும் பலகை. இதற்காகவே அந்த ஊர்ப் பலகையின் முன் நின்று படம் எடுத்துக்கொண்டேன்.

பயண ஆவணத்தைப் பற்றிச் சுருக்கமாக. நார்வே ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லாவிட்டாலும் ஷெங்கன் விசாதான் வேண்டும். பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம், கடைசி மாதத்துக்கு விடாதீர்கள். 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடு கட்டாயம்.

உங்கள் மனைவிக்கு. எட்டு இரவில் வானம் தெளிந்த இரவுகள் சில கிடைக்கும் என்று நம்பலாம், உறுதி யாராலும் தர முடியாது. துருவ ஒளி வருமா என்று பலரும் காந்தப்புயல் எண்ணைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள், அதைவிட மேகம் எங்கே விலகியிருக்கிறது என்று பார்ப்பது பயனுள்ளது. நார்வே வானிலைத் துறையும் பொது ஒலிபரப்பு நிறுவனமும் சேர்ந்து நடத்தும் ‘இர்’ செயலியில் மணிக்கு மணி தெரியும். ஹாவ்க்லாண்ட் கடற்கரைக்குப் பல்ஸ்டாடிலிருந்து அரை மணி நேரம். ஒன்பதரைக்கே போய்க் காரின் விளக்கை அணைத்துவிட்டுக் காத்திருங்கள். முதலில் சாம்பல் நிறத்தில் மெல்லிய மேகக்கீற்று போலத்தான் தெரியும். இதற்கா இவ்வளவு தூரம் வந்தோம் என்று தோன்றும். கைப்பேசியில் படம் எடுத்தால் அது பச்சையாக விழும். அப்படி விழுந்தால் அந்த இடத்தை விட்டு நகராதீர்கள். சில நேரம் அடுத்த பத்து நிமிடத்தில் அந்தக் கீற்று எழுந்து, தலைக்கு மேல் திரைச்சீலை போல அசையத் தொடங்கிவிடும்.

சேலை தாராளமாகக் கட்டலாம். உள்ளே கம்பளிக் காலுடையும் மேலுடையும், வெளியே முழங்கால் வரை வரும் மழைக்கோட்டும், காலில் ரப்பர் அடி பிடிக்கும் காலணியும் இருக்க வேண்டும். பருத்திச் சேலை ஈரம் குடித்தால் காயவே காயாது, செயற்கை நூல் சேலைகளாக எடுத்துவரச் சொல்லுங்கள். கடற்கரையில் காற்று முந்தானையை விடாது. கோட்டுக்குள் செருகிக்கொண்டால் போதும்.